ரூபாய்க்கு ஓர் அணா
வருங்கால வைப்பு நிதி வந்த கதை

உழைப்பவரின் முதுமை

உழைப்பவருக்கு உடம்புதான் முதல். கை ஓடும்வரை கூலி வரும். கை ஓய்ந்தால் கூலியும் நின்றுவிடும். ஆனால் வயிறு ஓய்வதில்லை. வயதானால் மருந்துச் செலவும் சேர்ந்துகொள்ளும்.

நிலத்தில் பாடுபட்ட காலத்தில் முதியவர்கள் குடும்பத்தோடு இருந்தார்கள். பிள்ளைகள் உழைத்தார்கள். பெரியவர்கள் திண்ணையில் உட்கார்ந்து சிறு வேலைகளைப் பார்த்தார்கள். எல்லா வீட்டிலும் இப்படி நடந்தது என்று சொல்ல முடியாது. ஆனாலும் கிராமத்தில் ஏதோ ஓர் ஆதரவு இருந்தது.

பிறகு ஆலைகள் வந்தன. பிழைப்புத் தேடி மக்கள் ஊரை விட்டு நகரத்துக்குப் போனார்கள். அங்கே அவர்களுக்கு நிலம் இல்லை. உறவும் குறைவு. வாரக் கூலி, மாதச் சம்பளம் மட்டுமே இருந்தது. இருபது, முப்பது ஆண்டுகள் உழைத்தபின் ஒரு நாள் ஆலை அவர்களை வீட்டுக்கு அனுப்பிவிடும். அன்று அவர்கள் கையில் என்ன இருக்கும்?

இந்தக் கேள்விக்கு ஒரு விடையாக வந்ததுதான் வருங்கால வைப்பு நிதி. இதை மக்கள் பி.எப். என்று சொல்கிறார்கள். அது எப்படி வந்தது என்பதை இந்தப் பாடத்தில் படிப்போம்.

நாகபுரியில் ஓர் ஆலை

ஜம்ஷெட்ஜி டாட்டா 1839ஆம் ஆண்டு குஜராத்தில் உள்ள நவ்சாரியில் பிறந்தார். அவர் பருத்தி வணிகம் செய்தவர். அப்போது பஞ்சாலைகள் பெரும்பாலும் பம்பாயிலும் அகமதாபாத்திலும் இருந்தன. ஜம்ஷெட்ஜி நாகபுரியைத் தேர்ந்தெடுத்தார். அந்தப் பகுதியில் பருத்தி விளைந்தது. ரயிலும் இருந்தது.

1877 ஜனவரி 1 அன்று அங்கே அவருடைய ஆலை திறக்கப்பட்டது. அதன் பெயர் எம்பிரஸ் மில்.

ஆலை ஓடத் தொடங்கியதும் ஒரு சிக்கல் தெரிந்தது. பல தொழிலாளர்கள் நாள்தோறும் வேலைக்கு வரவில்லை. சிலர் கொஞ்ச நாள் வேலை செய்துவிட்டு நின்றுவிட்டார்கள். அவர்களைத் தண்டிப்பதால் பயன் இல்லை என்று ஜம்ஷெட்ஜி நினைத்தார். ஆலையில் நிலையாக இருந்தால் தனக்கு நன்மை உண்டு என்று தொழிலாளி நம்ப வேண்டும். அதற்கான ஏற்பாடுகளைச் செய்தார்.

1886இல் எம்பிரஸ் மில்லில் ஓய்வூதிய நிதி தொடங்கப்பட்டது. 1895இல் விபத்தில் அடிபட்ட தொழிலாளருக்கு இழப்பீடு தரும் வழக்கமும் வந்தது. இந்தியத் தொழிற்சாலைகளில் முதுமைக்கு நிதி ஒதுக்கிய முன்னோடிகளில் ஜம்ஷெட்ஜி ஒருவர்.

அன்றைய நிலைமையை நினைத்துப் பார்க்க வேண்டும். 1881இல் முதல் தொழிற்சாலைச் சட்டம் வந்தது. அது குழந்தைகளின் வேலை நேரத்தை மட்டுமே குறைத்தது. பஞ்சாலையில் வேலை செய்த ஆண்களுக்கு, நாளுக்கு 12 மணி நேரத்துக்கு மேல் வேலை வாங்கக் கூடாது என்ற விதி 1911இல்தான் வந்தது. முதுமைக்குப் பணம் தர வேண்டும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. சட்டம் கேட்காத ஒன்றை ஓர் ஆலை செய்தது.

இதில் ஆலைக்கும் லாபம் இருந்தது. தொழிலாளி நிலையாக இருந்தால் அவருக்குக் கைப்பழக்கம் வரும். நூல் அறுவது குறையும். உற்பத்தி பெருகும். தொழிலாளியின் நலமும் ஆலையின் நலமும் ஒன்றோடு ஒன்று சேர்ந்தவை என்பதை ஜம்ஷெட்ஜி கண்டுகொண்டார். அவர் 1904இல் காலமானார்.

ஜம்ஷெட்பூரில்

இரும்பு ஆலை ஒன்று அமைக்க வேண்டும் என்பது ஜம்ஷெட்ஜியின் நெடுநாள் எண்ணம். அவர் மறைந்தபின் அந்த ஆலை எழுந்தது. அதைச் சுற்றி வளர்ந்த ஊர்தான் ஜம்ஷெட்பூர்.

அங்கே 1912இல் 8 மணி நேர வேலை முறை வந்தது. 1920இல் தொழிலாளருக்கு வைப்பு நிதியும் சம்பளத்தோடு விடுமுறையும் வந்தன. அதே 1920இல் அங்கே பெரிய வேலைநிறுத்தம் ஒன்றும் நடந்தது. தொழிலாளர் சங்கமும் அமைந்தது. நிர்வாகம் சில நன்மைகளைத் தந்தது. தொழிலாளரும் தங்கள் தேவைகளைத் தாங்களே கேட்கத் தொடங்கினார்கள்.

தயவு வேறு, உரிமை வேறு

நல்ல முதலாளி தந்தார். மற்றவர்கள் தரவில்லை. ஓர் ஆலையில் வேலை செய்தவருக்கு நிதி கிடைத்தது. பக்கத்து ஆலையில் அதே வேலையைச் செய்தவருக்கு ஒன்றும் கிடைக்கவில்லை. தருவதும் நிறுத்துவதும் முதலாளியின் கையில் இருந்தன. தயவு என்பது இதுதான்.

உரிமை என்பது வேறு. அதைக் கேட்டு வாங்கலாம். தராவிட்டால் சட்டம் கேள்வி கேட்கும்.

நாடு விடுதலை பெற்றபின் இந்த மாற்றம் தொடங்கியது. முதலில் நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளருக்கு 1948இல் ஒரு சட்டம் வந்தது. பூமிக்கு அடியில் வேலை செய்தவர்களுக்கு வைப்பு நிதி கிடைத்தது.

மற்றத் தொழில்களுக்கு என்ன செய்வது? எல்லா முதியவருக்கும் அரசே ஓய்வூதியம் தர அன்று போதிய பணம் இல்லை. எனவே வேறு வழி தேர்ந்தெடுக்கப்பட்டது. தொழிலாளி கொஞ்சம் போட வேண்டும். முதலாளியும் அதே அளவு போட வேண்டும். இரண்டும் தொழிலாளியின் பெயரில் சேர வேண்டும். அதற்கு வட்டியும் கிடைக்க வேண்டும்.

1951 நவம்பர் 15 அன்று இதற்கான அவசரச் சட்டம் வந்தது. 1952இல் அது முழுச் சட்டம் ஆனது.

முதலில் 6 தொழில்கள்

தொடக்கத்தில் இந்தச் சட்டம் 6 தொழில்களுக்கு மட்டும் பொருந்தியது. அவை: சிமெண்டு, சிகரெட்டு, பொறியியல் பொருள்கள், இரும்பும் எஃகும், காகிதம், துணி.

50 பேருக்குக் குறையாமல் வேலை செய்யும் ஆலைகள் மட்டுமே இதில் வந்தன. தொழிலாளி தம் சம்பளத்தில் நூற்றுக்கு ஆறேகால் பங்கு கட்டினார். முதலாளியும் அவ்வளவு கட்டினார்.

ஆறேகால் என்ற கணக்கு ஏன் வந்தது? அப்போது ஒரு ரூபாய்க்கு 16 அணா. 16இல் ஒரு பங்கு எடுத்தால் அது நூற்றுக்கு ஆறேகால். அதாவது ரூபாய்க்கு ஓர் அணா! 40 ரூபாய் சம்பளம் வாங்கியவர் 40 அணா போட்டார். அது இரண்டரை ரூபாய். முதலாளியும் இரண்டரை ரூபாய் போட்டார். மாதம் 5 ரூபாய் சேர்ந்தது.

சிறு துளி பெரு வெள்ளம் என்பார்கள். அந்தச் சிறு துளி இந்த ஓர் அணாதான்.

பீடி சுற்றும் கைகள்

சட்டம் மெல்ல மெல்ல விரிந்தது. 1957இல் தேயிலைத் தோட்டங்களுக்கு வந்தது. 1960இல் 50 பேர் என்ற அளவு 20 பேராகக் குறைந்தது. அதனால் சிறிய தொழிற்சாலைகளும் உள்ளே வந்தன.

1977இல் பீடித் தொழிலும் சேர்க்கப்பட்டது. ஆனால் அங்கே ஒரு தடை எழுந்தது. பீடி சுற்றுபவர்களில் பலர் பெண்கள். அவர்கள் கம்பெனிக்குப் போவதில்லை. இலையும் தூளும் வாங்கி வந்து வீட்டிலேயே சுற்றுவார்கள். சுற்றிய பீடியைக் கொண்டுபோய்க் கொடுப்பார்கள்.

"இவர்கள் எங்கள் தொழிலாளர் இல்லை. எங்கள் இடத்தில் வேலை செய்யவில்லை. இவர்களுக்கு ஏன் பி.எப். கட்ட வேண்டும்?" இதுதான் முதலாளிகளின் வாதம். வழக்கு உச்ச நீதிமன்றம்வரை போனது.

1985இல் தீர்ப்பு வந்தது. பீடி சரியில்லை என்றால் முதலாளி அதைக் கழித்துத் தள்ளுகிறார். அப்படியானால் வேலையின் மேல் அவருக்கு அதிகாரம் இருக்கிறது. வீட்டில் சுற்றினாலும் அவர்கள் அந்த முதலாளியின் தொழிலாளரே. அவர்களுக்கும் வைப்பு நிதி உண்டு. இப்படி நீதிமன்றம் சொன்னது.

வீட்டு வாசலில் முறத்தை மடியில் வைத்துக்கொண்டு உழைக்கும் பெண்ணும் தொழிலாளிதான் என்பது அன்று உறுதியானது.

கட்டும் பங்கும் காலப்போக்கில் உயர்ந்தது. ஆறேகால் என்பது 8 ஆனது. பிறகு 10 ஆனது. 1997இல் பெரும்பாலான தொழில்களுக்கு 12 ஆனது. பீடி, செங்கல், கயிறு போன்ற சில தொழில்களில் அது 10 ஆகவே இருந்தது.

வைப்பு நிதி ஒரே தடவையில் கிடைக்கும் பணம். அது செலவாகிவிட்டால் பிறகு ஒன்றும் இல்லை. எனவே மாதம்தோறும் பணம் தரும் ஓய்வூதியத் திட்டமும் 1995இல் வந்தது. குறைந்தது 10 ஆண்டு வேலை செய்தவருக்கு 58 வயதில் இந்த ஓய்வூதியம் கிடைக்கும். தொழிலாளி இறந்துவிட்டால் மனைவிக்கு அல்லது கணவருக்குக் குடும்ப ஓய்வூதியம் கிடைக்கும்.

2020இல் நாடாளுமன்றம் பல தொழிலாளர் நலச் சட்டங்களை ஒன்று சேர்த்தது. அதற்குச் சமூகப் பாதுகாப்புச் சட்டத் தொகுப்பு என்று பெயர். 1952ஆம் ஆண்டுச் சட்டத்தின் இடத்தில் இந்தத் தொகுப்பு 2025 நவம்பர் 21 அன்று நடைமுறைக்கு வந்தது. சட்டத்தின் பெயர் மாறினாலும் வைப்பு நிதி தொடர்கிறது.

பணம் எப்படிச் சேர்கிறது?

ஒரு தொழிலாளியின் மாதச் சம்பளம் 10,000 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். கட்டும் பங்கு நூற்றுக்கு 12.

தொழிலாளியின் பங்கு 1,200 ரூபாய்.
முதலாளியின் பங்கு 1,200 ரூபாய்.

தொழிலாளியின் 1,200 ரூபாய் முழுவதும் வைப்பு நிதிக்குப் போகும். முதலாளியின் 1,200 ரூபாய் இரண்டாகப் பிரியும். அதில் 833 ரூபாய் ஓய்வூதியத் திட்டத்துக்குப் போகும். மீதி 367 ரூபாய் வைப்பு நிதியில் சேரும்.

ஆக, வைப்பு நிதியில் மாதம் சேர்வது 1,567 ரூபாய். ஓர் ஆண்டில் சேர்வது 18,804 ரூபாய்.

சம்பளம் உயரவே இல்லை என்று வைத்துக்கொண்டாலும் 20 ஆண்டில் 3,76,080 ரூபாய் சேரும். இதற்கு வட்டியும் உண்டு. அந்த வட்டிக்கும் வட்டி உண்டு. ஆண்டுக்கு நூற்றுக்கு 8 வட்டி என்றால் 20 ஆண்டு முடிவில் சுமார் 8 லட்சத்து 90 ஆயிரம் ரூபாய் இருக்கும். கட்டியதைவிட வட்டி அதிகம்!

வட்டி எவ்வளவு என்பதை ஒவ்வோர் ஆண்டும் அரசு அறிவிக்கும். 2023-24ஆம் ஆண்டுக்கு நூற்றுக்கு எட்டேகால் வட்டி தரப்பட்டது.

இடையில் பணத்தை எடுத்துவிட்டால் இந்த வளர்ச்சி நின்றுவிடும். மரத்தை வளரவிடாமல் கன்றிலேயே வெட்டுவது போன்றது அது.

பெங்களூரில் நடந்தது

ஆனால் ஏழைத் தொழிலாளிக்கு இன்றைய தேவையும் பெரிதுதானே? பிள்ளையின் படிப்பு இருக்கிறது. மகளின் கல்யாணம் இருக்கிறது. திடீரென்று வேலை போய்விடலாம். அப்போது கையில் இருக்கும் ஒரே பணம் பி.எப். பணம்தான்.

2016 பிப்ரவரியில் அரசு ஒரு புதிய விதியை அறிவித்தது. வேலையை விட்டவர் தாம் கட்டிய பங்கை மட்டும் எடுக்கலாம். முதலாளி கட்டிய பங்கை 58 வயதில்தான் எடுக்கலாம். முதுமைக்குப் பணம் மிஞ்ச வேண்டும் என்பது அரசின் எண்ணம்.

பெங்களூரில் ஆயத்த ஆடைத் தொழிற்சாலைகள் பல உண்டு. அங்கே தைப்பவர்களில் பெரும்பாலோர் பெண்கள். அவர்களில் பலர் 58 வயதுவரை தையல் இயந்திரத்தின் முன் உட்கார முடியாது. அதற்கு முன்பே வேலை போய்விடும். அல்லது கண்ணும் முதுகும் ஒத்துழைக்காது. "எங்கள் பணம் எங்களுக்கு வேண்டிய நேரத்தில் கிடைக்காதா?" என்பது அவர்களின் கேள்வி.

2016 ஏப்ரல் 18, 19 ஆகிய நாள்களில் ஆயிரக்கணக்கான பெண்கள் சாலைக்கு வந்தார்கள். போக்குவரத்து நின்றது. சில இடங்களில் கலவரமும் நடந்தது. ஏப்ரல் 19 அன்றே அரசு அந்த விதியைத் திரும்பப் பெற்றது.

இந்த நிகழ்ச்சியில் இரண்டு பக்கமும் உண்மை இருக்கிறது. முதுமைக்கான பணம் முதுமைவரை இருக்க வேண்டும். அதே நேரம், அது உழைத்தவரின் பணம். அவர் துன்பப்படும்போது அது அவருக்கு உதவ வேண்டும்.

மருத்துவம், கல்வி, திருமணம், வீடு போன்ற தேவைகளுக்கு ஒரு பகுதியை எடுக்க விதிகளில் இடம் உண்டு. இந்த விதிகள் அவ்வப்போது மாறும். எடுப்பதற்கு முன் பி.எப். அலுவலகத்திலோ தொழிற்சங்கத்திலோ கேட்டுத் தெரிந்துகொள்வது நல்லது.

தொழிலாளி கவனிக்க வேண்டியவை

சட்டம் இருந்தால் மட்டும் போதாது. சம்பளத்தில் பணத்தைப் பிடித்துக்கொண்டு, அதைக் கட்டாமல் ஏமாற்றும் முதலாளிகளும் உண்டு. அது தண்டனைக்கு உரிய குற்றம். ஆனால் தொழிலாளி கவனிக்காவிட்டால் அந்தக் குற்றம் வெளியே தெரியாது. எனவே,

1. சம்பளச் சீட்டைக் கேட்டு வாங்க வேண்டும். அதில் பி.எப். பிடித்தம் எவ்வளவு என்று படிக்க வேண்டும்.

2. ஒவ்வொருவருக்கும் 12 இலக்கம் கொண்ட ஒரு கணக்கு எண் உண்டு. அதை யூ.ஏ.என். என்பார்கள். 2014இல் இந்த முறை வந்தது. வேலை மாறினாலும் இந்த எண் மாறாது. இதை ஒரு நோட்டில் எழ்தி வைத்துக்கொள்ள வேண்டும்.

3. பிடித்த பணம் கணக்கில் ஏறியதா என்று பார்க்க வேண்டும். கைபேசியிலும் இணையத்திலும் கணக்குப் புத்தகத்தைப் பார்க்கலாம். முடியாதவர்கள் நம்பிக்கையான ஒருவரின் உதவியைப் பெறலாம். ஆனால் கடவுச் சொல்லையும் கைபேசிக்கு வரும் ரகசிய எண்ணையும் பிறரிடம் சொல்லக் கூடாது.

4. கணக்கில் பெயரும் பிறந்த தேதியும் ஆதார் அட்டையில் உள்ளபடியே இருக்க வேண்டும். ஓர் எழுத்து மாறினாலும் பணம் எடுக்கும்போது தொல்லை வரும்.

5. தமக்குப்பின் பணம் யாருக்குச் சேர வேண்டும் என்று பதிவு செய்ய வேண்டும். இதற்கு நியமனம் என்று பெயர். இதைச் செய்யாவிட்டால் குடும்பம் அலைய நேரிடும்.

6. வேலை மாறும்போது பழைய பணத்தைப் புதிய கணக்குக்கு மாற்றிக்கொள்வது நல்லது. ஓய்வூதியத்துக்கு வேண்டிய 10 ஆண்டுக் கணக்கும் அப்போதுதான் தொடரும்.

7. ஒப்பந்தத் தொழிலாளிக்கும் பி.எப். உண்டு. ஒப்பந்தக்காரர் கட்டாவிட்டால், வேலை வாங்கும் முதன்மை நிறுவனம் அதற்குப் பொறுப்பு ஏற்க வேண்டும்.

வெளியே இருப்பவர்கள்

வயலில் களை எடுப்பவர், வீட்டு வேலை செய்பவர், தள்ளுவண்டியில் காய் விற்பவர் ஆகியோருக்கு மாதச் சம்பளம் தரும் நிறுவனம் இல்லை. அவர்களுக்குப் பி.எப். கிடைப்பதில்லை. நம் நாட்டில் உழைப்பவர்களில் பெரும்பாலோர் இப்படிப்பட்டவர்கள்தான்.

அவர்களுக்காக வேறு திட்டங்கள் வந்தன. 2015இல் அடல் ஓய்வூதியத் திட்டம் தொடங்கியது. 18 முதல் 40 வயதுவரை உள்ளவர்கள் வங்கியிலோ அஞ்சலகத்திலோ இதில் சேரலாம். வருமான வரி கட்டுபவர்கள் சேர முடியாது. 60 வயதுக்குமேல் மாதம் 1,000 முதல் 5,000 ரூபாய்வரை ஓய்வூதியம் கிடைக்கும். கட்டும் தொகையைப் பொறுத்து அது அமையும். இளம் வயதில் சேர்ந்தால் கட்ட வேண்டிய தொகை குறைவு.

ஆனால் இதில் பணம் கட்டுபவர் உழைப்பவர்தான். பி.எப்.பில் உள்ளதுபோல் சரிபங்கு போட முதலாளி இல்லை. அந்தக் குறையைத் தீர்க்கும் வேலை இன்னும் மிச்சம் இருக்கிறது.

நாகபுரியில் ஓர் ஆலையின் தயவாக இருந்தது, 1952இல் 6 தொழில்களின் உரிமை ஆனது. பிறகு பீடி சுற்றும் பெண்ணின் உரிமை ஆனது. படிக்கத் தெரிந்தவர் தம் சம்பளச் சீட்டைத் தாமே படிக்கலாம். பிடித்த பணம் எங்கே என்று கேட்கலாம். பக்கத்தில் இருப்பவருக்கும் படித்துச் சொல்லலாம்.

பயிற்சி

அ. புதிய சொற்கள்
பங்குத்தொகை - ஒருவர் தம் பங்காகக் கட்டும் பணம்
பிடித்தம் - சம்பளத்தில் கழித்துக்கொள்ளும் பணம்
நியமனம் - தமக்குப்பின் பணம் பெறுபவரின் பெயரைப் பதிவு செய்தல்
ஓய்வூதியம் - ஓய்வு பெற்றபின் மாதம்தோறும் கிடைக்கும் பணம்

ஆ. விடை கூறுங்கள்
1. எம்பிரஸ் மில் எந்த ஊரில் இருந்தது? அங்கே ஓய்வூதிய நிதி எந்த ஆண்டு வந்தது?
2. 1952இல் எந்த 6 தொழில்களுக்குச் சட்டம் பொருந்தியது?
3. ரூபாய்க்கு ஓர் அணா என்றால் நூற்றுக்கு எவ்வளவு?
4. வீட்டில் பீடி சுற்றுபவர்கள் பற்றி உச்ச நீதிமன்றம் என்ன சொன்னது?

இ. கணக்குப் போடுங்கள்
ஒருவரின் மாதச் சம்பளம் 8,000 ரூபாய். நூற்றுக்கு 12 வீதம் அவர் கட்டும் பங்கு எவ்வளவு? முதலாளி கட்டும் பங்கு எவ்வளவு? இரண்டும் சேர்ந்தால் எவ்வளவு?

ஈ. கூடிப் பேசுங்கள்
1. பி.எப். பணத்தை இடையில் எடுக்கலாமா? எந்தத் தேவைக்கு எடுக்கலாம்?
2. உங்கள் ஊரில் எந்தெந்த வேலை செய்பவர்களுக்குப் பி.எப். இருக்கிறது? யாருக்கு இல்லை? ஏன்?